நெய்வேலிக் கரியும் வெலிக்கடைக் கரியும்

நெய்வேலி வாழ்நர்க்குக் 'கரி' என்றால் ஒரே பொருள்தான். பன்னெடுங்காலம் மண்ணுக்கடியில் அமுக்குண்டு கிடந்த காடு பழுப்பு நிலக்கரியாகிப், பின் மேல்மண் அகற்றப்பெற்று வெளியே வந்து, கொதிகலத்தில் எரிந்து, மின்னாற்றலாய் ஊரூராய் ஓடுகின்றது. சம்புலிங்கனார் தம் நிலத்தில் கிணறு தோண்டப் புகுந்தபோது நீரோடு கருநிறப் பொருளொன்று மேலே வந்ததையும், அதன்வழி இந்நிலத்தின் வளம் உலகிற்குத் தெரிந்ததையும் இவ்வூர்ப் பிள்ளைகள் பள்ளியிலேயே கேட்டறிந்திருப்பர்.

ஆனால் அச்சொல்லுக்குத் தமிழில் மற்றொரு பொருளும் உண்டு. கரி என்பது சான்று. சான்று கூறுவானும் கரியே. திருவள்ளுவர் இச்சொல்லை இப்பொருளில் மூவிடங்களில் ஆண்டுள்ளார். பொய்ச்சான்று கூறுவானைப் 'பொய்க்கரியாளன்' என்று பழந்தமிழர் இழித்துரைத்தனர். கரிய கரியும் சான்றாகிய கரியும் ஒரு வேரினவா, வேறு வேரினவா என்பதை அகரமுதலியார் ஆய்ந்து முடிவு செய்க. வடவர் சொல் வழக்குமன்றங்களுள் புகுந்தபின், தமிழன் 'சாட்சி' சொல்லப் பழகிக் 'கரி' கூற மறந்தான் என்பது மட்டும் உறுதி. சொல்லை மறந்தது பெரிதன்று, மீட்டுக் கொள்ளலாம். சொல்லோடு சேர்த்து அச்செயலையும் மறந்தானே, அதுதான் பெருங்கேடு!

2025ஆம் ஆண்டில் யாழ்ப்பாணத்துச் செம்மணியில், சித்துப்பாத்தி இடுகாட்டருகே நிலம் அகழப்பட்டது. இருநூற்றுக்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிப்பட்டன. அவற்றுள் குழந்தைகளுடையனவும் இருந்தன. பள்ளிப் பிள்ளையின் பையொன்றும் விளையாட்டுப் பொம்மையொன்றும் எலும்புகளோடு கிடந்தன. செம்மணியில் தமிழர் புதைக்கப்பட்டனர் என்பது 1998இலேயே வழக்குமன்றத்தில் சொல்லப்பட்ட செய்தி. மாணவி கிரிசாந்தி கொலைவழக்கில் தண்டிக்கப்பெற்ற படையாள் ஒருவனே அதனைச் சொன்னான். மறு ஆண்டு தோண்டிப் பதினைந்து உடல்களை எடுத்தனர். அதன்பின் மண்ணை மூடிக்கொண்டு கால் நூற்றாண்டு வாளாவிருந்தனர்.

நிலம் கரி கூறும், ஐயமில்லை. ஆயினும் அதன் கரி ஒரு பாதியே. எலும்பு தன் பெயரைச் சொல்லாது. தன்னைக் கொன்றவன் யார், எந்த ஊர்தியில் வந்தான், எந்த நாளில் வந்தான், அன்று அழுதவர் யார் என்று சொல்லாது. மற்றைப் பாதியைச் சொல்ல வல்லவன் உயிரோடு தப்பி வந்தவன் ஒருவனே. அவ்வாறு தப்பி வந்து, தமிழ்நாட்டு மண்ணிலேயே ஏறத்தாழ முப்பதாண்டுகள் வாழ்ந்து, தாம் கண்டதைச் சொல்லிக்கொண்டேயிருந்த முதியவர் ஒருவரை எத்தனை தமிழர் அறிவர்?

அவர் பெயர் சாலமன் அருளானந்தம் டேவிட். ஈழத்தமிழர் 'டேவிட் ஐயா' என்பர். 1924இல் யாழ்ப்பாணத் தீவகத்துக் கரம்பனில் பிறந்தவர். ஆத்திரேலியாவின் மெல்போர்னில் கட்டடக்கலை பயின்றவர். கெனியா நாட்டில் உயர்ந்த பணியில் இருந்தவர். அங்கேயே இருந்திருந்தால் வளமனையும் வண்டியுமாய் வாழ்ந்து முடித்திருக்கலாம். அவரோ தாயகம் திரும்பினார். மருத்துவர் இராசசுந்தரம் அவர்களோடு சேர்ந்து வவுனியாவில் 'காந்தியம்' என்னும் தொண்டமைப்பை நிறுவினார். 1977ஆம் ஆண்டு வன்கொடுமையில் உடைமையிழந்து, தேயிலைத் தோட்டங்களை விட்டு வடக்கு நோக்கி ஓடிவந்த மலையகத் தமிழரை வன்னி நிலத்தில் குடியமர்த்தினார். கிணறு வெட்டுதல், குழந்தைகட்குப் பாலும் படிப்பும் தருதல், பயிர்செய்யக் கற்பித்தல் ஆகிய இவையே அவ்வமைப்பின் வேலைகள். படைக்கலம் ஏந்தாத பணி. ஆயின், காலூன்ற இடமின்றித் திரிந்த தமிழன் தன் நிலத்தில் காலூன்றுவதைக் காட்டிலும் சிங்கள அரசுக்குக் கொடிய படைக்கலம் வேறேது? 1983 ஏப்பிரலில் இருவரும் தளைப்படுத்தப்பட்டனர். படைமுகாமில் கொடுந்துன்புறுத்தலுக்கு ஆளாயினர். பின்னர்க் கொழும்பு வெலிக்கடைச் சிறையில் அடைக்கப்பட்டனர்.

சூலை 23ஆம் நாள் இரவு யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் படையினர் பதின்மூவர் விடுதலைப் புலிகளால் கொல்லப்பட்டனர். அடுத்த நாள் தொடங்கிக் கொழும்பு எரிந்தது. வாக்காளர் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு தமிழர் வீடுகளைத் தேடித்தேடிக் கொளுத்தினர். கொல்லப்பட்டோர் நானூற்றுக்கும் குறைவென அரசு கணக்குக் காட்டியது. தமிழர் கணக்கோ மூவாயிரம் வரை செல்கின்றது. அவ்வெரி நடுவே, அரசின் காவலுக்குள், அரசின் மதிலுக்குள் நடந்ததுதான் வெலிக்கடைக் கொலை. தெருவில் நடந்ததற்குக் கும்பல்மேல் பழி போடலாம். ஒருபுறம் பூட்டும் மறுபுறம் திறவுகோலுமாய் அரசே நிற்கும் சிறைக்குள் நடந்ததற்கு யார்மேல் பழி போடுவது?

சூலை 25ஆம் நாள் முப்பத்தைவர் கொல்லப்பட்டனர். குட்டிமணி, தங்கதுரை, செகன் ஆகியோர் அன்று மாய்ந்தவர்கள். ஒருநாள் இடைவெளி விட்டனர். அந்த ஒரு நாள்தான் நெஞ்சைச் சுடுவது. முதல்நாட் கொலைக்குத் திடீர்ச் சினம் என்று யாரேனும் காரணம் கற்பிக்கட்டும். நடுவே ஒரு பகலும் இரண்டு இரவுகளும் கழிந்தபின், எஞ்சியோரையும் காக்காமல் அதே சிறையில் வைத்திருந்ததற்கு என்ன காரணம் கற்பிப்பர்? 27ஆம் நாள் மீண்டும் கதவுகள் உடைபட்டன. பதினெண்மர் கொல்லப்பட்டனர். ஐம்பத்து மூவர் இறக்கப் பத்தொன்பதின்மர் எஞ்சினர்.

அன்று டேவிட் ஐயாவும் இராசசுந்தரமும், கிறித்தவத் துறவியர் மூவரும், 'சுதந்திரன்' இதழாசிரியர் கோவை மகேசனும், மருத்துவர் தருமலிங்கமும், மருத்துவர் செயகுலராசாவும், விரிவுரையாளர் நித்தியானந்தனுமாக ஒன்பதின்மர் மேல்மாடியில் இருந்தனர். கீழே கொலைத்தொழிலை முடித்தவர்கள் கட்டைகளும் கம்பிகளுமாய் மேலே ஏறி வந்தனர். இராசசுந்தரம் முன்சென்று, தாங்கள் கொலையிலும் கொள்ளையிலும் பங்கில்லாதவர்கள், கொல்லாமை நெறியினர், தங்களைக் கொல்வது ஏன் என்று எடுத்துரைத்தார். அவரை வெளியே இழுத்துத் தலையில் அடித்துக் கொன்றனர். எஞ்சிய எண்மரும் நாற்காலி மேசைகளை உடைத்துக் கால்களைக் கையில் ஏந்திக்கொண்டு, வாயிலில் நின்று தடுத்தனர். அரைமணி நேர அளவு அவ்வாறு தாக்குப் பிடித்தபின் படையினர் வந்தனர், கொலைஞர் விலகினர். துறவியரும் மருத்துவரும் நாற்காலிக் காலைப் பற்றி நின்ற அக்காட்சியை உலகுக்குச் சொன்னவர், அறுபதை எட்டும் நிலையில் அவ்வாயிலில் நின்ற டேவிட் ஐயா. தாம் கண்டதை அவர் ஆங்கிலத்தில் எழுதி வெளியிட்டார்.

எஞ்சியோர் மட்டக்களப்புச் சிறைக்குக் கொண்டுசெல்லப்பட்டனர். அவ்வாண்டு செப்தம்பர் 23ஆம் நாள் அச்சிறை உடைக்கப்பட்டது. டேவிட் ஐயா வெளியேறிக் கடல் கடந்து தமிழ்நாடு சேர்ந்தார். இங்கிருந்துதான் கதையின் வருந்தத்தக்க பகுதி தொடங்குகின்றது. இதற்குச் சிங்களவன் பொறுப்பல்லன்.

அன்று தமிழ்நாடே கொதித்து நின்றது. கடையடைப்பு, ஊர்வலம், உண்ணாநோன்பு என்று ஊர்தோறும் நடந்தன. நெய்வேலித் தொழிலாளரும் மற்றையோர்க்குச் சளைத்தவரல்லர். வெலிக்கடையைப் பற்றிப் பேசாத மேடையில்லை. குட்டிமணியின் கண்களைப் பற்றிப் பேசாத பேச்சாளருமில்லை. வழக்குமன்றத்தில் அவர் தம் கண்களைக் கொடையளிக்க விரும்பியதையும், அக்கண்கள் பிடுங்கப்பட்டன என்ற செய்தியையும் கேட்டுக் கண்ணீர் உகுக்காத தாயும் இல்லை. ஆயின் அச்செய்தியைக் கண்டு சொன்னவர் யார், கேட்டுச் சொன்னவர் யார் என்று எந்த மேடையிலாவது ஒருவர் கேட்டாரா? பேச்சாளரிடமிருந்து பேச்சாளர் கேட்டுப் பேசினர். அச்சிறையின் மேல்மாடியில் நின்று தப்பியவர் சென்னையில் ஒரு சிற்றறையில் இருந்தார். மேடைக்கு மாலைகள் சென்ற அளவிற்கு அவர் அறைக்கு எழுதுகோல்கள் செல்லவில்லை.

தமிழன் மறவனைப் போற்றுவான். நடுகல் நட்டு வழிபட்டவன் அல்லனா? மாண்டவனுக்குக் கல்லெடுப்பது அவனுக்குக் கைவந்த கலை. ஆனால் மாளாது மீண்டவனை என்ன செய்வதென்று அவனுக்குத் தெரியவில்லை. களத்தில் வீழ்ந்தவன் ஈகியாகின்றான். தப்பி வந்தவன் ஏதிலியாகின்றான், காவல்துறைப் பதிவேட்டில் ஓர் எண்ணாகின்றான். அவன் வாயிலுள்ள செய்தி அவனோடே முதுமையடைகின்றது. சான்று என்னும் சொல்லின் வழியன்றோ சான்றோன் என்னும் சொல்லும் வந்தது! கரி கூறுவானைச் சான்றோனாகக் கொள்ளாமல் இரக்கத்திற்குரியவனாக மட்டும் கொண்டது தமிழ்நாடு செய்த பிழை.

பிற இனத்தார் இதனை எவ்வாறு செய்தனர்? யூதர்கள் 1961இல் ஐக்குமன் வழக்கில், தப்பியவர்களை ஒருவர் பின் ஒருவராக நிறுத்திச் சொல்ல வைத்தனர். பின்னாளில் 1994இல் தொடங்கப்பட்ட ஓர் அறக்கட்டளை ஐம்பதாயிரத்திற்கும் மேற்பட்டோரின் சான்றுரைகளை ஒளிப்படச் சுருளில் பதிந்து வைத்தது. 'இனக்கொலை' என்னும் கருத்துக்கு ஐரோப்பிய மொழியில் ஒரு சொல்லையே ஆக்கித் தந்தவர் இலெம்கின் என்னும் யூத வழக்குரைஞர். 1944இல் அவர் சொல்லை அமைத்தார். 1948 திசம்பர் 9ஆம் நாள் ஐ.நா. மன்றம் அச்சொல்லின்மேல் ஓர் உடன்படிக்கையை நிறுவியது. சொல்லாக்கத்தின் வலிமை எத்தகையதென்பதைத் தனித்தமிழர்க்கு வேறு யாரும் எடுத்துக் கூற வேண்டுவதில்லை.

யூதர்க்குப் பணமும் நாடும் உண்டு, தமிழர்க்கு என்ன உண்டு என்று சிலர் கேட்பர். கம்போடியர்க்கு என்ன இருந்தது? அங்கே துவோல் சுலெங் என்னும் பள்ளிக்கூடத்தைப் போல்போத்து ஆட்சி சிறையாக்கியது. பன்னீராயிரவர்க்கு மேல் அதனுள் சென்றனர். உயிரோடு மீண்டவர் மிகச் சிலர். அவருள் வான் நாத் என்பவர் ஓவியர். ஆட்சியாளன் படத்தை வரையத் தெரிந்ததால் உயிர் பிழைத்தவர். வெளியே வந்தபின் தாம் கண்டவற்றையெல்லாம் ஓவியமாகத் தீட்டினார். 2009இல் அச்சிறைத் தலைவன் கூண்டில் நிற்க, அவனெதிரே அமர்ந்து கரி கூறினார். 2010இல் தீர்ப்பு வந்தது. 2011இல் வான் நாத் மறைந்தார். முப்பதாண்டு காத்திருந்தாலும் அவர் சொல்லைக் கேட்க ஒரு மன்றம் அமைந்தது.

டேவிட் ஐயாவுக்கு அஃது அமையவில்லை. 1981 முதல் 1984 வரை நடந்த வன்செயல்களை ஆய்வதற்கு 2001இல் கொழும்பு அரசே ஓர் ஆணையத்தை அமர்த்தியது உண்மை, அறிக்கையும் வந்தது. ஆயின் வெலிக்கடையில் ஐம்பத்து மூவரைக் கொன்றமைக்காக இன்றுவரை ஒருவனும் தண்டனை பெறவில்லை. அவர் 2015இல், தொண்ணூறு கடந்த அகவையில், ஈழம் திரும்பினார். அவ்வாண்டு பிப்ரவரியில் வட மாகாண அவை, தமிழர்க்கு நேர்ந்தது இனக்கொலையே என்று முடிபு நிறைவேற்றியிருந்தது. அவ்வாண்டே அக்தோபர் 11ஆம் நாள் கிளிநொச்சியில் அவர் கண்மூடினார். முப்பத்திரண்டு ஆண்டுகள் கரியாய் நின்றவரை எந்த வழக்குமன்றமும் அழைத்துக் கேட்டதில்லை.

இனி, இன்னும் உயிரோடிருக்கும் கரியாளர்களை நோக்குவோர்க்கு, அனந்தி சசிதரன் அவர்கள் நினைவுக்கு வருவார். 2009 மே 18ஆம் நாள் முல்லைத்தீவு வட்டுவாகலில், பிரான்சிசு சோசப் என்னும் துறவியார் முன்நிற்க, தம் கணவர் எழிலனும் மற்றையோரும் படையினரிடம் சரணடைந்ததைத் தம் கண்ணால் கண்டவர் அவர். மறு ஆண்டே அரசு அமர்த்திய ஆணையத்தின் முன் வெளிப்படையாக நின்று அதனைச் சொன்னார். படைக்காவல் சூழ்ந்திருந்த நிலத்தில், பெண் பிள்ளைகளை வைத்துக்கொண்டு, அவ்வாறு சொல்வதற்கு எத்துணை நெஞ்சுரம் வேண்டும்! ஆட்கொணர்வு வழக்கும் தொடுத்தார். 2013 மாகாணத் தேர்தலில் 87,870 வாக்குகள் பெற்றார். 2014இல் செனீவாவிலும் சென்று சொன்னார். அவர்க்குப் பின், 2017 பிப்ரவரி 20 முதல் கிளிநொச்சியில் காணாமலாக்கப்பட்டோரின் பெற்றோர் தெருவோரத்தில் அமர்ந்தனர். அமர்ந்தவருள் பலர் விடையறியாமலே இறந்துவிட்டனர். ஒவ்வொருவர் இறக்கும்போதும் ஒரு நாள், ஓர் இடம், ஒரு முகம், ஓர் ஊர்திப் பெயர் மண்ணுள் போகின்றது. அரசு வேண்டுவதும் அதுதான். காலந்தாழ்த்துதல் என்பது சான்றை அழிக்கும் முறைகளுள் மிகவும் செலவு குறைந்தது, குருதி சிந்தாதது, யாரும் கண்டிக்க இயலாதது.

கரி கூறுவார்க்கு ஒரு கடமையும் உண்டு. அதனைக் கேட்டு எழுதுவார்க்கும் அஃது உண்டு. 1983இல் கொழும்பில் எத்தனையோ தமிழரைத் தம் வீட்டுக்குள் மறைத்து வைத்துக் காத்த சிங்களக் குடும்பங்கள் இருந்தன. அவற்றையும் எழுத வேண்டும். போராளி இயக்கங்கள் ஒன்றையொன்று அழித்ததில் தமிழன் கையால் தமிழன் மாண்டதையும் எழுத வேண்டும். இது சிலர்க்குக் கசக்கும். ஆனால் தனக்கு வேண்டியதை மட்டும் சொல்பவனைப் பொய்க்கரியாளன் என்று முன்னோர் தள்ளினர். கொழும்பு வழக்குரைஞன் ஒருவன் ஒரே ஒரு கூற்றைப் பொய்யென்று காட்டிவிட்டால், அதனோடு சேர்ந்து தொண்ணூற்றொன்பது மெய்யும் விழும். மேடையில் ஒன்றைப் பத்தாக்கிய தமிழ்நாட்டுப் பேச்சாளர்கள், தாம் அறியாமலே பகைவனுக்குத் துணைநின்றனர் என்பதை அன்பர்கள் வருந்தியேனும் ஒப்புக்கொள்ளல் வேண்டும்.

இன்று வழியே இல்லாமலும் இல்லை. 2021 மார்ச்சில் ஐ.நா. மாந்தவுரிமை அவை நிறைவேற்றிய முடிபின்படி, இலங்கையில் நடந்த குற்றங்களுக்கான சான்றுகளைத் திரட்டிக் காக்க ஓர் அலுவலகப் பிரிவு அமைந்தது. அவ்வாண்டே கனடாவின் ஒண்டாரியோ மாநிலம் தமிழினக்கொலை பற்றிய அறிவுக்கென ஒரு கிழமையைச் சட்டமாக்கியது. 2022 மே 18இல் கனடா நாடாளுமன்றம் அந்நாளைத் தமிழினக்கொலை நினைவுநாளாக ஏற்றது. ஏழாயிரங் கல்லுக்கு அப்பாலுள்ள ஒரு நாட்டில் இவை நடக்கின்றன. பாக்குநீரிணைக்கு இப்பால், ஈழத்தமிழர் முகாம்கள் நூற்றுக்குமேல் உள்ள தமிழ்நாட்டில், அம்முகாம்களுள் புகுந்து ஒருமுறையேனும் முறையாக எழுதி வைத்தோமென்று சொல்ல வல்ல அமைப்புகள் மிகச் சிலவே.

கடலூர் மாவட்டத்திலும் அத்தகைய முகாம்கள் உள. நெய்வேலியிலிருந்து பேருந்தில் சென்று பொழுது சாயுமுன் திரும்பிவிடலாம். தம் ஊர் சுரங்கத்துக்குப் போனபின் வட்டங்களுக்கும் வெளியூர்களுக்குமாய்ப் பெயர்ந்த குடும்பங்கள் நெய்வேலியைச் சூழ எத்தனையோ உண்டு. நிலத்தை இழந்தவன் நெஞ்சு எவ்வாறிருக்கும் என்பது அவர்க்கு ஓரளவு தெரியும். ஓரளவு என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். இழப்பீடு போதாதென்று வழக்காடும் துன்பமும், பிள்ளையைப் பதுங்குகுழியில் புதைத்துவிட்டு ஓடிய துன்பமும் ஒன்றாகா. ஆயினும் நிலத்தை இழந்தவன் முன் நிலத்தை இழந்தவன் வாய்திறப்பான். அதிகாரி முன் திறக்கமாட்டான்.

1983இல் இருபது அகவையினராய் இருந்தவர் இன்று அறுபதைக் கடந்துவிட்டனர். அன்று தாயராயிருந்தோர் எண்பதைத் தாண்டினர். நெய்வேலித் தமிழ் மன்றத்து இளைஞர்கள் ஆண்டுதோறும் நூற்கண்காட்சிக்கு உழைப்பதில் பத்தில் ஒரு பங்கு உழைத்தால் போதும். ஞாயிறுதோறும் இருவர் செல்க. ஒருவர் கேட்க, ஒருவர் எழுதுக. தாளை இரு பத்தியாய்க் கோடிட்டு, ஒன்றில் கண்டது, மற்றொன்றில் கேட்டது என்று தலைப்பிடுக. நாள் நினைவில்லையேல், எந்த விழாவுக்கு முன், எந்த மழைக்குப் பின் என்று கேட்டெழுதுக. அழுதால் நிறுத்துக, அன்று அதற்குமேல் கேளாது திரும்புக. உறவினர் இன்னும் ஈழத்தில் இருப்பின் பெயரை மறைத்துத் தனித்தாளில் வைக்க. எழுதி முடித்ததும் உரக்கப் படித்துக் காட்டுக. அவர் இல்லையென்று தலையசைக்கும் வரியை அவர் முன்னிலையிலேயே அடித்துத் திருத்துக. மூன்று படிகள் எடுத்து, ஒன்றை அவர் கையிலேயே கொடுத்து வருக.